இரண்டாவது சாட்சி

ஆகஸ்ட் இரண்டாம் தேதி, சனிக்கிழமை, முற்பகல் பதினொன்று இருபது. வானம் மூடியிருந்தது, மழை இல்லை, காற்றும் இல்லை. கட்சி அலுவலகத்தின் மாடிக் கூடத்திலிருந்த மூன்று மின்விசிறிகளில் ஒன்றுதான் சுழன்றது. அது மேடைக்கு நேர் மேலே இருந்தது. அதன் கீழே மாவட்டச் செயலாளர் அமர்ந்திருந்தார். அவரைவிட மூத்தவர்களும் அவரை அண்ணன் என்றே அழைப்பார்கள். எதிரே பிளாஸ்டிக் நாற்காலிகளில் பதினொரு பெண்கள். பதினொன்றாவது நாற்காலியில் நான்.

மேடைக்குப் பின்னால் ஒரு பதாகை: ‘சிறுபான்மைப் பெண்களே, அரசியலுக்கு வாருங்கள்!’ வாசகம் என்னுடையது. அந்த அலுவலகத்தில் நான்கு ஆண்டுகளாகத் தட்டச்சு வேலை பார்த்து வந்தேன்.

எங்கள் பாட்டன்மார் ஆற்றுக்கு அப்பாலிருந்து வந்து குடியேறியவர்கள். மூன்று தலைமுறை கடந்தும் நகரத்தார்க்கு நாங்கள் அக்கரையார்தான். நூற்றுக்கு ஒன்பது பேர் இருந்தோம். நகராட்சியில் ஒரு வார்டு எங்கள் பெண்களுக்கென ஒதுக்கப்பட்டிருந்தது. அதில் யார் நிற்பது என்பதை அண்ணன் தீர்மானிப்பார்.

“இக்கரைக்கு அக்கரை பச்சைம்பாங்க,” என்றார் அண்ணன். “நம்ம கட்சி அக்கரைக்கே பச்சைக்கொடி காட்டுது. நீங்க பயப்படக் கூடாது. பேசணும். கேள்வி கேக்கணும். என்ன கேள்வி கேக்கலாம்னு சந்தேகம் வந்தா, முதல்ல என்னைக் கேக்கணும்.”

அவருடைய மைத்துனர் விழுந்து விழுந்து சிரித்தார். அண்ணன் அவரை மச்சான் என்று அழைத்ததால் அலுவலகம் முழுவதற்கும் அவர் மச்சான் ஆகியிருந்தார். சிரித்து முடித்ததும் ஆளுக்கு இரண்டு தாள்களை நீட்டினார். முதல் தாள் வேட்பாளர் விருப்ப மனு. இரண்டாவது தாளை முன்வரிசையில் இருந்த தையல்காரி தூக்கிப் பிடித்துப் பார்த்தாள்.

“இது என்னங்க?”

“ராஜினாமா கடிதம்மா.”

“நான் இன்னும் பதவிக்கே வரலையே?”

“வந்தப்புறம் எழுத நேரம் கிடைக்காதும்மா. மக்கள் சேவை.”

“கல்யாணத்துக்கு முன்னாடியே விவாகரத்துல கையெழுத்தா? நல்ல சம்பந்தம்தான்,” என்றாள் தையல்காரி. ஆனாலும் கையெழுத்திட்டாள். எல்லாரும் இட்டார்கள். இடாதவர் பெயர் பட்டியலில் இராது.

கடிதத்தில் இரண்டு இடங்கள் வெற்றாக விடப்பட்டிருந்தன: தேதி, காரணம். ‘………. காரணமாக என் உறுப்பினர் பதவியை மனமுவந்து துறக்கிறேன்.’ கீழே இரண்டு சாட்சிகளுக்கு இடம். உறுப்பினர் கையெழுத்திடும் அதே நாளில், அவர் முன்னிலையில், இரு சாட்சிகள் கையெழுத்திட வேண்டும் என்பது நகராட்சி விதி. கையெழுத்தான கடிதங்கள் உறையிலிட்டு ஒட்டப்பட்டு அண்ணன் அறையிலுள்ள இரும்பு அலமாரிக்குள் போகும். உறுப்பினர் அடங்கியிருக்கும் வரை அவையும் அங்கே அடங்கியிருக்கும்.

அந்த அலமாரியிலிருந்து ஐந்தாண்டுகளுக்கு முன் வெளிவந்தது என் அக்காவின் கடிதம்.

அக்கா தொடக்கப்பள்ளி ஆசிரியை. அதே வார்டில் நின்று வென்றாள். பதினான்கு மாதம் சொன்ன இடத்தில் கை தூக்கினாள். பதினைந்தாம் மாதம், புதிய குடிநீர்க் குழாய் எங்கள் தெருவுக்கு நாற்பது மீட்டர் முன்பாகவே நின்றுவிடுவது ஏன் என்று மன்றத்தில் கேட்டாள். விடை வராததால் தீர்மானத்துக்குக் கை தூக்கவில்லை. மூன்றாம் நாள் அவளுடைய ராஜினாமா நகராட்சி அறிவிப்புப் பலகையில் இருந்தது. காரணம் என்ற இடத்தில் ‘மனநிலை பாதிப்பின்’ என்று தட்டச்சு செய்திருந்தார்கள்.

பதினைந்து நாள் அது பலகையில் இருந்தது. பள்ளியில் அவளை நீக்கவில்லை. விடுப்பு எடுத்துக்கொள்ளச் சொன்னார்கள். விடுப்பு முடியவில்லை. கடைக்காரர் மீதிச் சில்லறையை அவள் கையில் தராமல் மேசைமேல் வைத்து விரலால் தள்ளினார். எதிர்வீட்டுக் குழந்தையிடம் அவள் பாடம் கேட்டபோது தாய் ஓடிவந்து குழந்தையை இழுத்துக்கொண்டாள். அதன்பின் அக்கா வாசலைத் தாண்டவில்லை.

அடுத்த ஆண்டு அண்ணன் எங்கள் வீட்டுக்கு வந்தார். “உங்க அக்கா நிலைமைக்கு எங்களால ஆன உதவி,” என்று எனக்கு வேலை தந்தார். மறுத்திருந்தால் மானம் மிஞ்சியிருக்கும். எனக்கு வேண்டியது மானம் அன்று. மறுநாள் காலை எட்டரைக்கே வேலைக்குப் போனேன்.

*

அந்தச் சனிக்கிழமை பதினொரு கடிதங்களிலும் முதல் சாட்சியாக மச்சான் கையெழுத்திட்டார். இரண்டாவது சாட்சி எப்போதும் அலுவலக உதவியாளர்தான். இருபது ஆண்டுகளாக எல்லாவற்றிலும் கையெழுத்திட்டு வந்ததால் அவருக்குச் சாட்சி என்றே பெயராகிவிட்டது. ஜூன் மாதத்திலிருந்து அவர் வேலைக்கு வரவில்லை.

“டிரைவரைக் கூப்பிடு, அவன் போடட்டும்,” என்றார் மச்சான்.

“டிரைவர் எதுக்குங்க? இத்தனை வருஷமா சாட்சி அண்ணன் கையெழுத்துதானே. விட்டுட்டோம்னு தெரிஞ்சா மனசு நொந்துடுவார்,” என்றேன். “நான் போய் அரைமணியில கூட்டிட்டு வந்துடறேன்.”

அண்ணன் மற்றப் பெண்கள் பக்கம் திரும்பினார். “பார்த்தீங்களா? விசுவாசம்னா அக்கரையார்கிட்டதான் கத்துக்கணும்.”

சைக்கிள் பழுதுபார்க்கும் கடைக்குப் பின்னால் ஒற்றை அறையில் சாட்சி குடியிருந்தார். கட்டிலில் சாய்ந்திருந்தவர் என்னைக் கண்டதும் எழ முயன்று, பாதியில் நிறுத்திக்கொண்டார். சட்டை அவருக்கு இரண்டு அளவு பெரிதாகியிருந்தது.

“என்னம்மா, என் மனு பாஸாயிடுச்சா?”

மருத்துவ உதவி கேட்டு அவர் கட்சிக்கு அனுப்பிய மனு அது. தட்டச்சு செய்தவள் நான். இணைத்திருந்த மருத்துவ அறிக்கையையும் படித்தேன். அதிகம் போனால் ஆறு மாதம் என்பது அதன் சாரம். மனுவின் ஓரத்தில் அண்ணன் ‘பிறகு பார்க்கலாம்’ என்று எழுதியிருந்தார்.

“இல்லண்ணே. ஒரு கையெழுத்து வேணும்.”

“யாருக்கு?”

“எனக்கு. கூட இன்னும் பத்து பேருக்கு.”

அவர் சுவரைப் பார்த்தார். “உங்க அக்கா கடிதத்திலயும் நான்தான் போட்டேன்.”

“தெரியும்.”

“திட்டணும்னா இப்பவே திட்டிடும்மா. எனக்கு நாள் அதிகம் இல்ல.”

“அதுக்காகத்தாண்ணே வந்தேன்.”

“திட்டவா?”

“நாள் அதிகம் இல்லைங்கறதுக்காக.”

அவருக்குப் புரியக் கொஞ்ச நேரம் ஆயிற்று. புரிந்ததும் சிரிக்கத் தொடங்கினார். சிரிப்பு இருமலாகி, இருமல் அடங்கக் கால்மணி நேரம் பிடித்தது. தண்ணீர் கொடுத்தேன்.

“அடிப்பாவி,” என்றார். “தேதியைப் போடும்போது நான் இருக்க மாட்டேன்.”

“ஆமாண்ணே.”

“கவனிச்சுட மாட்டாங்களா?”

“உங்க கையெழுத்தை இதுவரைக்கும் யாராவது பார்த்திருக்காங்களா?”

அவர் யோசித்தார். “இல்ல,” என்றார். “டீ கிளாஸைப் பார்ப்பாங்க. என்னைப் பார்த்ததில்ல.” பிறகு காலால் செருப்பைத் தேடினார். “இருந்தும் கெடுத்தான், செத்தும் கெடுத்தான்னு பேர் வரட்டும். ஆட்டோ கூப்பிடு.”

பதினொரு கடிதங்களிலும் கையெழுத்திட அவருக்கு இருபது நிமிடம் ஆயிற்று. மூன்று கடிதத்துக்கு ஒருமுறை கையை உதறிக்கொண்டார். வழக்கமான கிறுக்கலாக அன்றி, ஒவ்வொன்றிலும் முழுப்பெயரை எழுத்தெழுத்தாக எழுதினார். மச்சான் உறைகளுக்குப் பசை தடவுவதில் மும்முரமாக இருந்தார்.

*

பதினொரு பேரில் அண்ணன் என்னைத் தேர்ந்தெடுத்தார். “வாயில்லாப் பூச்சி,” என்று மச்சானிடம் காரணம் சொன்னாராம். அக்டோபர் பன்னிரண்டாம் தேதி வென்றேன். தட்டச்சு வேலையை விட்டேன். மன்றத்தில் முதல் மூன்று கூட்டங்களில் சொன்ன இடத்தில் கை தூக்கினேன். தையல்காரி தெருவில் என்னைப் பார்த்துக் காறித் துப்பினாள். அவளிடம் எதையும் விளக்கவில்லை.

நான் சாட்சியின் சாவுக்காகக் காத்திருந்தேன். இதை மென்மையாகச் சொல்ல வழி தேடியிருக்கிறேன், இல்லை. வாரம் இருமுறை பழம் வாங்கிக்கொண்டு அவரைப் பார்க்கப் போவேன். “இன்னும் இருக்கேம்மா, மன்னிச்சுக்கோ,” என்பார். இருவரும் சிரிப்போம். வெளியே வந்து தெருமுனை வரை எதையும் பார்க்காமல் நடப்பேன்.

நவம்பர் முப்பதாம் தேதி, ஞாயிற்றுக்கிழமை அவர் இறந்தார். அண்ணன் எட்டு நிமிடம் இரங்கலுரை ஆற்றினார். “என் நிழல் போயிடுச்சு,” என்று கண்களைத் துடைத்துக்கொண்டார். உரை படத்துடன் கட்சி வார இதழில் வந்தது. நான் இரண்டு பிரதிகள் வாங்கினேன்.

அதன்பின் ஆறு வாரம் எனக்கு உறக்கம் சரியில்லை. யாரேனும் ஒருவர் அலமாரியைத் திறந்து, உறைகளைக் கிழித்து, சாட்சி இல்லையே என்று நினைத்து, புதிய கடிதம் கேட்டால் என் நான்காண்டுகள் வீண். எவரும் திறக்கவில்லை.

ஜனவரி பதினாறாம் தேதி, வெள்ளிக்கிழமை, குடிநீர்க் குழாய்ப் பராமரிப்புத் தீர்மானம் மன்றத்துக்கு வந்தது. எழுந்து நின்றேன். குழாய் எங்கள் தெருவுக்கு நாற்பது மீட்டர் முன்பாக நிற்பது ஏன் என்று கேட்டேன். அக்கா கேட்ட அதே சொற்களை, அதே வரிசையில் கேட்டேன். கூட்ட நடவடிக்கைக் குறிப்பிலிருந்து மனப்பாடம் செய்திருந்தேன். விடை வரவில்லை. எதிர்த்துக் கை தூக்கினேன். பார்வையாளர் வரிசையில் அண்ணன் கைக்கடிகாரத்தைப் பார்த்தார்.

திங்கட்கிழமை, பத்தொன்பதாம் தேதி, என் ராஜினாமா நகராட்சிக்குப் போய்ச் சேர்ந்தது. வெற்றிடங்களைப் பழைய தட்டச்சுப் பொறியில்தான் நிரப்புவது வழக்கம். அந்த வேலை என்னுடையது. நான் போனபின் செய்ய ஆளில்லை. மச்சானே ஒற்றை விரலால் தட்டியிருந்தார். எழுத்துகளைத் தேடித் தேடித் தட்டிய களைப்பில் காகிதத்தின் அடிப்பகுதியைப் பார்க்க அவருக்குத் தோன்றவில்லை. காரணம்: ‘மனநிலை பாதிப்பின்’.

“குடும்பத்துல ஓடுற வியாதி,” என்று தெருவில் சொல்லிக்கொண்டு போனாராம்.

கடிதத்தை ஏற்குமுன் உறுப்பினர் ஏழு நாளுக்குள் விசாரணை கோரலாம் என்று விதி இருக்கிறது. அக்காவுக்கு அதை எவரும் சொல்லவில்லை. நான் நகராட்சி ஆணையருக்கு ஒற்றை வரியில் மனு கொடுத்தேன்: இக்கடிதம் அதிலுள்ள தேதியில் எழுதப்பட்டதன்று, விசாரிக்க வேண்டுகிறேன். சாட்சி இறந்துவிட்டார் என்று இன்னொரு வரி சேர்த்திருந்தால் பதவி அன்றே என் கையில் நின்றிருக்கும். பதவி மட்டும் எனக்குப் போதாது.

*

பிப்ரவரி ஐந்தாம் தேதி, வியாழக்கிழமை காலை, அக்கா இஸ்திரிப் பெட்டியைச் சூடாக்கிக்கொண்டிருந்தாள். பலகைமேல் அவள் பள்ளிக்கு உடுத்திப்போகும் நீல உடை விரிந்திருந்தது. ஐந்தாண்டு மடிப்பு லேசில் போவதாயில்லை.

“நீயும் வர்றியாக்கா?”

“வாசல் வரைக்கும் வர்றேன். அப்புறம் பார்க்கலாம்.” தண்ணீர் தெளித்தாள். “ஏன்டி, சீட்டைக் காப்பாத்திக்கிட்டா போதாதா? எதுக்கு இவ்வளவு வன்மம்?”

“போதாதுக்கா.”

“எனக்காகவா?”

“பாதி. மீதி எனக்கு.”

அவள் காலரைத் தேய்த்தாள். வாசல் வரை வந்தவள், தெருமுனை வரை வந்தாள். பிறகு பேருந்திலும் ஏறிவிட்டாள்.

ஆணையர் அலுவலகத் தாழ்வாரத்தில் அண்ணன் என்னை ஓரமாக அழைத்தார். “இப்பவும் ஒண்ணும் கெட்டுப்போகலை. மன்னிப்புன்னு ஒரு வார்த்தை சொல்லு, கடிதத்தை வாபஸ் வாங்கிடறேன். யார் கொடுத்த பதவி இது? உன்னை நான்தானே கொண்டுவந்தேன்?”

“ஆமாண்ணே. சிறுபான்மைப் பெண்கள் அரசியலுக்கு வரணும்னு நீங்கதானே கூப்பிட்டீங்க.”

அவர் என்னை முதன்முறையாகக் கவனித்துப் பார்த்தார். நேரம் கடந்திருந்தது, கதவு திறந்துவிட்டது.

ஆணையர் ஓய்வுக்கு எட்டு மாதம் இருந்த மனிதர். எதையும் மர அளவுகோலை வரிக்கு அடியில் வைத்து, வரிவரியாகத்தான் படிப்பார். பின்வரிசையில் தையல்காரி உள்ளிட்ட பத்துப் பெண்கள் வந்து அமர்ந்திருந்தார்கள். முந்தின வாரம் தையல்காரியிடம் மட்டும் எல்லாவற்றையும் சொல்லியிருந்தேன். கேட்டு முடித்து, துப்பியதற்கு ஒரு மன்னிப்பும் கேட்காமல், “எத்தனை மணிக்கு?” என்று மட்டும் கேட்டாள்.

“இது உங்க கையெழுத்தா?” என்றார் ஆணையர்.

“ஆமாங்க.”

மச்சான் அண்ணனைப் பார்த்துப் புன்னகைத்தார்.

“முன்கூட்டியே போட்டதுன்னு சொல்றீங்க. அதுக்கு என்ன ஆதாரம்?”

“முதல் சாட்சியை விசாரிச்சா போதுங்க.”

மச்சான் உறுதிமொழி எடுத்துக்கொண்டார். கேட்கும் வாய்ப்பை ஆணையர் எனக்குத் தந்தார்.

“ஜனவரி பத்தொன்பதாம் தேதி நான் இதுல கையெழுத்து போட்டப்ப நீங்க பக்கத்துல இருந்தீங்களா?”

“இருந்தேன்.”

“எந்த இடத்துல?”

“கட்சி ஆபீஸ், மாடியில. மறந்துட்டியா? மனநிலை சரியில்லாதவங்களுக்கு மறக்கத்தான் செய்யும்.”

“இரண்டாவது சாட்சியும் இருந்தாரா?”

“அவர் இல்லாம எப்படி? எனக்கு அடுத்து அவர்தான் போட்டாரு.”

“நீங்க கண்ணால பார்த்தீங்களா?”

“பின்ன, மூக்கால பார்ப்பாங்களா? போட்டுட்டு டீ வாங்கப் போனாரு.”

“எத்தனை டீ?”

“அஞ்சு.” சாட்சி படுத்தபின் டீ வாங்கி வருவது டிரைவர்தான்; கையெழுத்தும் அவனுடையது என்றே மச்சான் நினைத்திருக்க வேண்டும்.

ஆணையர் ‘ஐந்து’ என்பது வரை எழுதி, வாக்குமூலத்தைப் படித்துக்காட்டி, மச்சானிடம் கையெழுத்து வாங்கினார். மச்சான் பெரிதாக, ஒரு சுழியுடன் கையெழுத்திட்டார். மை உலரும்வரை காத்திருந்தேன். பிறகு இறப்புச் சான்றிதழையும் கட்சி வார இதழையும் மேசைமேல் வைத்தேன்.

அளவுகோல் சான்றிதழின் நான்காம் வரிக்கு இறங்கி நின்றது. அங்கிருந்து கடிதத்தின் அடிப்பகுதிக்குப் போயிற்று. மீண்டும் சான்றிதழுக்கு வந்தது.

“இவர் நவம்பர் முப்பதாம் தேதி இறந்திருக்கார்,” என்றார் ஆணையர்.

பின்வரிசையிலிருந்து தையல்காரியின் குரல் வந்தது: “அதான் அந்த அஞ்சு டீ இன்னும் வரலையா?”

மச்சானின் முகத்தில் வியர்வை பொடித்ததைப் பார்த்தேன். அவசரப்படாமல் பார்த்தேன். ஐந்தாண்டுகளாக இந்த முகத்தைத்தான் கற்பனை செய்து வந்தேன். நேரில் அது கற்பனையைவிடச் சிறிதாக இருந்தது. அதனால் இனிமை குறைந்துவிடவில்லை.

“சார், இது ஒண்ணும் புதுசு இல்ல சார்,” என்றார் அவர். “எல்லாரும் முன்னாடியே போட்டுக் கொடுக்கறதுதான், எப்பவும் இதுதான் வழக்கம். இவங்க அக்காவுக்கும் இப்படித்தான் போட்டோம். மனநிலைன்னு நான்தான் அடிச்சேன். அப்ப யாரும் ஒண்ணும் கேக்கலையே சார்!”

“வாயை மூடுடா!” என்று எழுந்தார் அண்ணன்.

“அவர் மூட வேண்டாம்,” என்றார் ஆணையர், எழுதுவதை நிறுத்தாமல். “நீங்க உட்காருங்க.”

தையல்காரி எழுந்து நின்றாள். “சார், அந்த அலமாரியில எங்க பத்து பேர் கடிதமும் இருக்கு. தேதி இல்லாம. அதுலயும் அந்த மனுஷன் கையெழுத்து போட்டிருக்கார். எங்களுக்கு அது திரும்ப வேணும்.” அவளைத் தொடர்ந்து ஒன்பது நாற்காலிகள் ஒவ்வொன்றாகக் கிரீச்சிட்டன.

உத்தரவு தயாராகப் பிற்பகல் ஆயிற்று. தாழ்வாரத்து நீள்பெஞ்சில் ஒரு முனையில் நாங்கள்; மறுமுனையில் அண்ணன், தனியாக. மச்சானைக் காவல் நிலையத்துக்கு அழைத்துப் போயிருந்தார்கள். இடையில் ஒருமுறை அண்ணன், “நாலு வருஷம் என் ஆபீஸ்லயே உட்கார்ந்திருந்தியேம்மா,” என்றார். திட்டுவதுபோல் இல்லை, உண்மையாகவே வியந்தார். தனக்கு வரும் மனுக்களின் ஓரத்தில் அவர் எழுதும் ‘பிறகு பார்க்கலாம்’ எனக்கு நினைவுக்கு வந்தது.

நான்கு பத்துக்கு அழைத்தார்கள். ஆணையர் வாசித்தார். என் ராஜினாமா செல்லாது. அலமாரியையும் அதிலுள்ள கடிதங்களையும் கைப்பற்ற வேண்டும். பொய்ச் சாட்சியம் குறித்த விசாரணையில் மாவட்டச் செயலாளரையும் சேர்க்க வேண்டும். ஐந்தாண்டுகளுக்கு முன் அக்கா கொடுத்ததாக ஏற்கப்பட்ட கடிதம் அவள் விருப்பத்தில் எழுதப்பட்டதன்று. ‘மனநிலை பாதிப்பு’ என்னும் காரணம் பதிவேட்டிலிருந்து நீக்கப்படுகிறது. இந்த உத்தரவு அறிவிப்புப் பலகையில் பதினைந்து நாள் ஒட்டப்படும். அவர் கடைசிப் பக்கத்தில் கையெழுத்திட்டு, இரண்டு பிரதிகளை எழுத்தரிடம் தள்ளினார்.

“முதல் பிரதி மனுதாரருக்கு. படிச்சுப் பார்த்து, பெற்றுக்கொண்டேன்னு கையெழுத்து போடணும். அப்புறம்தான் எதிர்த்தரப்புக்கு,” என்றார் எழுத்தர். “யார் வாங்கிக்கறீங்க?”

“எங்க அக்கா,” என்றேன்.

அண்ணன் மேசையருகே கை நீட்டியபடி நின்றிருந்தார். அக்கா முன்னால் வந்தாள். எழுத்தர் உத்தரவை அவள் கையிலேயே கொடுத்தார். அவள் நாற்காலியை இழுத்துப் போட்டு அமர்ந்தாள். ஆணையரிடம் அளவுகோலை இரவல் கேட்டு வாங்கி, முதல் வரிக்கு அடியில் வைத்து, நிதானமாகப் படிக்கத் தொடங்கினாள்.